அந்த அம்மாவுக்கு இப்போது போன் செய்யாதீர்கள்

தோழிகள் உங்கள் மகளை ஒதுக்குகிறார்கள், அவர்களில் ஒருத்தியின் அம்மாவிடம் போனில் பேசலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். அந்தப் பெண்ணின் அம்மாவை இப்போதைக்குக் கூப்பிட வேண்டாம். முதலில் உங்கள் மகளிடம், "நான் என்ன செய்தால் உனக்கு உதவியாக இருக்கும்?" என்று கேளுங்கள். 14 வயதில், கேட்காமல் செய்யும் உதவி மறுநாள் அவள் தலையில்தான் விடியும்.

பிறந்தநாள் விழாவில் ஒவ்வொரு குழுப் படத்துக்கும் போனை அவள் கையில் கொடுத்து "நீயே எடு" என்றார்கள், அவள் பக்கத்தில் போனதும் பேச்சு நின்றது என்று எழுதியிருக்கிறீர்கள். யாரும் திட்டவில்லைதான். அதற்காக "இதுக்கெல்லாமா அழுவாங்க" என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். உளவியலாளர் கிப்ளிங் வில்லியம்ஸின் பந்து விளையாட்டுச் சோதனையில், முன்பின் தெரியாதவர்கள் சில நிமிடம் பந்தைத் தராமல் விட்டதே மனதை நோகடித்தது. இவர்களோ அவளுடைய தோழிகள்.

பெரும்பாலும் இதைத் தொடங்கி வைப்பது ஒருத்தியாகத்தான் இருக்கும். மற்றவர்கள், அடுத்து நம் முறையோ என்ற பயத்தில் கூடச் சிரிப்பவர்கள். அவர்களில் கொஞ்சம் மென்மையான ஒருத்தியை மட்டும் வீட்டுக்கு அழைக்கச் சொல்லிப் பாருங்கள். தனியாக வந்தபோது இயல்பாகப் பழகினால், நட்பு இன்னும் அறுந்துவிடவில்லை.

ஆனால் மிரட்டல், அவள் படத்தை வைத்துக் கேலி, தூக்கமோ சாப்பாடோ கெடுவது என்று ஏதாவது இருந்தால் காத்திருக்காதீர்கள். மகளிடம் சொல்லிவிட்டு அன்றே பள்ளியில் பேசுங்கள்.