கொழுந்துக் கணக்குக்குப் போட்ட பூட்டு

கேள்வி: கோத்தகிரி பக்கம் பச்சைத் தேயிலை ஏஜென்டாக இருக்கிறேன். எண்பது விவசாயிகளின் எடைக் கணக்கு மைக்ரோசாஃப்ட் ஆக்சஸ் 2003 என்ற கணக்கு வைக்கும் மென்பொருளில் இருக்கிறது. பாஸ்வேர்டு போட்டுக் கொடுத்த தம்பி திருப்பூர் போய்விட்டான், அவனுக்கும் மறந்துவிட்டது. பாஸ்வேர்டு எடுத்துத் தருமாம் என்று ஒரு இஎக்ஸ்இ ஃபைலை டவுன்லோடு செய்தேன். ஆன்டிவைரஸ் தடுக்கிறது. அதை அணைத்துவிட்டு ஓட்டட்டுமா?

பதில்: அணைக்காதீர்கள் ஐயா. உங்கள் கணக்கு எங்கும் போய்விடவில்லை. 2003 வரையிலான ஆக்சஸில் கணக்கு எம்டிபி என்ற வகை ஃபைலில் இருக்கும். அதன் பாஸ்வேர்டு அந்த ஃபைலின் தொடக்கத்திலேயே லேசாக உருமாற்றி எழுதப்பட்டிருக்கும். உள்ளே இருக்கும் எடையும் தொகையும் அந்தப் பாஸ்வேர்டால் பூட்டப்படுவதில்லை. சரியான கருவி கிடைத்தால் நொடியில் வந்துவிடும். 2007-ல் வந்த ஏசிசிடிபி என்ற புது வகை ஃபைல் என்றால் நானே கையை விரித்திருப்பேன். அதில் பாஸ்வேர்டு போட்டால் ஃபைல் முழுவதும் என்க்ரிப்ட் ஆகிவிடும், அதாவது படிக்க முடியாதபடி உருமாறிவிடும்.

முதல் வேலை, காப்பி எடுப்பது. குன்னூரில் என் கடைக்கு வந்த ஒருவரின் ஃபைலை, அவசரத்தில் காப்பி எடுக்காமல் திறந்தேன். மழைக்காலம், கரண்ட் போனது, ஃபைல் கெட்டது. ரிப்பேர் செய்தும் இரண்டு மாதக் கணக்கு வரவில்லை. அவர் ரசீதுக் கட்டைத் தூக்கிக்கொண்டு வந்து என் மேசையில் உட்கார்ந்து திரும்ப எழுதியது இன்னும் கண்ணில் நிற்கிறது. எம்டிபி-க்குப் பக்கத்தில் அதே பெயரில் எல்டிபி என்று ஒரு ஃபைல் தெரிந்தால் ஆக்சஸ் இன்னும் திறந்திருக்கலாம். மூடிவிட்டுக் காப்பி எடுங்கள்.

இனி அந்த இஎக்ஸ்இ. விண்டோஸிலேயே செர்ட்யூட்டில் என்றொரு கட்டளை உண்டு. அதில் SHA256 என்றும் சேர்த்துக் கொடுத்தால், ஃபைலின் எஸ்எச்ஏ-256 ஹேஷை, அதாவது கைரேகை போன்ற அடையாளத்தை, 64 எழுத்தாகத் தரும். அதை வைரஸ்டோட்டல் தளத்தில் போட்டுத் தேடுங்கள். யாராவது முன்பே ஏற்றியிருந்தால், பல ஆன்டிவைரஸ்கள் என்ன சொல்கின்றன என்று ஒரே பக்கத்தில் தெரியும். 'ஹேக்டூல்' என்று மட்டும் வந்தால் பதற வேண்டாம், பாஸ்வேர்டு எடுக்கும் கருவிகளுக்கு வழக்கமாக விழும் பெயர் அது. அதற்காக நல்லது என்றும் ஆகிவிடாது, உருவாக்கியவரின் சொந்தத் தளத்திலிருந்துதான் வந்ததா என்று பாருங்கள். 'ட்ரோஜன்' (நல்லது போல் வேஷம் போடும் வைரஸ்), 'ஸ்டீலர்' (தகவல் திருடி) என்று பல இடங்களில் வந்தால் யோசிக்காமல் அழித்துவிடுங்கள்.

ஒன்றைக் கெஞ்சிக் கேட்கிறேன்: எம்டிபி ஃபைலை வைரஸ்டோட்டலில் ஏற்றிவிடாதீர்கள். ஏற்றிய ஃபைல் பாதுகாப்பு நிறுவனங்கள் பலவற்றின் கைக்குப் போகும். எண்பது குடும்பங்களின் பெயரும் பேங்க் கணக்கு எண்ணும் அதில் இருக்குமே.

சோதனையில் தேறினாலும், நெட் பேங்கிங் செய்யும் கம்ப்யூட்டரில் ஓட்ட வேண்டாம். பழைய லேப்டாப் ஒன்றில், இன்டர்நெட்டைத் துண்டித்து, காப்பியை மட்டும் வைத்து ஓட்டுங்கள்.

இதற்கெல்லாம் முன்னால் திருப்பூருக்கு ஒரு போன் போடுங்கள். பாஸ்வேர்டைக் கேட்க வேண்டாம். பாஸ்வேர்டு போடுவதற்கு முன் எடுத்த காப்பி ஏதாவது அந்தத் தம்பியின் பென்டிரைவில் கிடக்கிறதா என்று கேளுங்கள்.