மஸ்கெலியாப் பாட்டிக்கு லண்டன் பெட்டகத்தில் படம் தேடுவது

கேள்வி: ஊர் இலங்கை மலையகத்து மஸ்கெலியா. கொழுந்து பறித்தே காலம் போன என் அம்மாயியைப் பற்றி 15 நிமிட ஆவணப்படம் எடுக்கிறேன். யூடியூபில் பழைய தோட்டக் காட்சி ஒன்று கிடைத்தது. மூலையில் ஒரு நிறுவனத்தின் முத்திரை இருக்கிறது. அதை வெட்டிவிட்டுப் போட்டால் பிரச்சினை வருமா?

பதில்: வரும். வெட்டாதீர்கள், படம் யாரிடம் இருக்கிறது என்று காட்டிக்கொடுப்பதே அந்த முத்திரைதான். உதாரணமாக, பழைய செய்திப்படங்களை வைத்திருக்கும் லண்டன் நிறுவனமான பிரிட்டிஷ் பாதே 2014-இல் சுமார் 85,000 படங்களை யூடியூபில் ஏற்றியது. பார்ப்பதற்குக் காசில்லை, நம் படத்தில் சேர்க்க உரிமம் வாங்க வேண்டும்.

அந்த ஒன்றோடு நிற்காமல் இன்னும் தேடுங்கள். "ஸ்ரீலங்கா", "மலையகம்" என்று தேடினால் அதிகம் சிக்காது. 1972 வரை நாட்டின் பெயரே சிலோன். பட்டியல் எழுதியவர்களும் துரைமார் பேச்சில்தான் எழுதினார்கள். ஆகவே ஆங்கிலத்தில் சிலோன், டீ, பிளான்டர், எஸ்டேட் என்று போடுங்கள். "கூலி" என்று தட்டக் கை கூசும். ஆனாலும் தட்டித்தான் ஆக வேண்டும். நுவரெலியாவுக்குப் பழைய எழுத்துக்கூட்டல்கள் பல, எதையும் விடாதீர்கள். "கலோனியல் ஃபிலிம்" என்ற இணையப் பட்டியலில் 6,000-க்கும் மேற்பட்ட படங்களின் விவரம் இருக்கிறது, முதலில் அதைப் பாருங்கள்.

கிடைத்த காட்சி நம் பக்கம்தானா, எந்தக் காலம்? தலைப்பை அப்படியே நம்பாதீர்கள். பழைய மஸ்கெலியா டவுன் தெரிந்தால், அது மவுசாகலை நீர்த்தேக்கம் ஊரை விழுங்குவதற்கு முன், அதாவது 1960-களின் கடைசிக்கு முன் எடுத்தது. இப்போது தண்ணீர் வற்றும்போதுதான் அங்கே பழைய கோயில் தலைகாட்டுகிறது. மலை ரயிலைப் பெரிய டீசல் எஞ்சின் இழுத்தால் 1950-களுக்கு முந்தியதல்ல. இதற்கெல்லாம் மேலாக, காட்சியை போனில் அம்மாயிக்குக் காட்டுங்கள். கூடை, கொழுந்து நிறுக்கும் மடுவம், வேலை வாங்கும் கங்காணி நிற்கிற தோரணை, இதிலெல்லாம் நாம் காணாததை அவர் கண்டுபிடித்துவிடுவார். அவர் சொல்வதைப் பதிவும் செய்துகொள்ளுங்கள். உங்கள் படத்தின் நல்ல காட்சி அதுவாகவே இருந்தாலும் ஆச்சரியமில்லை.

அப்புறம் காசு. பல இடங்களில் நொடிக்கணக்கில்தான் விலை. குறைந்தபட்சம் இத்தனை நொடி வாங்க வேண்டும் என்றும் சொல்வார்கள். எந்த நாடு, எத்தனை வருடம், திரைவிழாவா இணையமா என்பதைப் பொறுத்துத் தொகை மாறும். முதலில் திரைவிழாவுக்கு மட்டும் கேளுங்கள், குறையும். "பழசுதானே, உரிமைக் காலம் முடிந்திருக்கும்" என்று நினைத்துவிடாதீர்கள். அந்தக் கணக்கு நாட்டுக்கு நாடு வேறு. முடிந்திருந்தாலும், நல்ல பிரதியை வைத்திருப்பவர் அதை எடுத்துத் தரக் கட்டணம் கேட்பார்.

ஒரு எச்சரிக்கை. அந்தக் காலத் தேயிலைப் படங்களில் பல விளம்பரத்துக்காக எடுத்தவை. 1934-இல் வந்த "சாங் ஆஃப் சிலோன்" படத்துக்கே பணம் கொடுத்தது சிலோன் தேயிலைப் பிரச்சார சபை. இத்தகைய படங்களில் கொழுந்து பறிப்பது அழகாக இருக்கும். தொழிலாளர் குடியிருக்கும் லயத்துக்குள் கேமரா போவது அபூர்வம். அந்த வர்ணனைக் குரலை எடுத்துவிட்டு அம்மாயியின் குரலைப் போடுவேன், நானாக இருந்தால். அப்படி மாற்றலாமா என்பதையும் உரிமம் கேட்கிற அதே மின்னஞ்சலில் கேட்டுவிடுங்கள். பதில் வர வாரக்கணக்கில் ஆகலாம், எடிட்டிங் முடியும்வரை காத்திருக்காமல் இப்போதே எழுதுங்கள்.