ஒரே எழுத்துச் சுருக்கம் இடத்துக்கு இடம் வேறு பொருள் தருவது ஏன்?

நீண்ட பெயருக்குப் பதிலாக ஓரிரு எழுத்துகளை வைப்பதுதான் எழுத்துச் சுருக்கம். ஆங்கிலத்தில் எழுத்துகள் 26 தான், துறைகளோ ஏராளம். தன் ஆட்களுக்குப் புரிந்தால் போதும் என்று ஒவ்வொரு துறையும் எடுத்துக்கொள்வதால், ஒரே எழுத்து பல இடங்களில் வேலை பார்க்கிறது.

மலேசியாவின் பினாங்கு மாநிலத்தில் ஓடும் காரையே பாருங்கள். எண் பலகை 'பி' என்று தொடங்கினால் பினாங்கில் பதிவான வண்டி. அதே காரின் கண்ணாடியில் 'பி' ஒட்டியிருந்தால், ஓட்டுநர் புதியவர், 2 ஆண்டு தற்காலிக உரிமத்தில் இருக்கிறார். வேதியியல் புத்தகத்தில் அதுவே பாஸ்பரஸ். பக்கத்து மாநிலமான பேராக்கின் பெயரும் ஆங்கிலத்தில் 'பி'யில்தான் தொடங்குகிறது, ஆனால் அதன் வண்டிக்கு 'ஏ'. பெயரின் முதல் எழுத்தை வைத்து ஊகித்தால் தவறிவிடும்.

கல்யாண வீட்டில் "மாமா!" என்றால் நாலு பேர் திரும்புவார்கள். கூப்பிட்டது யார் என்று தெரிந்தால்தான் எந்த மாமா என்று புரியும். எழுத்தும் அப்படித்தான். முதலில் எங்கே எழுதியிருக்கிறது என்று பாருங்கள்.

அப்புறம், மலேசியக் கடைகளில் கேட்கும் 'தே ஓ' என்னும் தேநீரின் பெயரில் உள்ள 'ஓ' சுருக்கமும் அல்ல, சீனி பூஜ்யம் என்பதும் அல்ல. அது கறுப்பு எனப் பொருள்படும் ஹொக்கியன் என்ற சீன மொழிச் சொல். பால்தான் இருக்காது, சீனி இருக்கும். நீரிழிவு உள்ளவர்கள் தயவுசெய்து 'தே ஓ கோசோங்' (சீனி இல்லாத தே ஓ) என்று கேளுங்கள்.