கேமரா இல்லாமல் ஒரு படம்: வாசகர் கேள்வி பதில்

கேள்வி (குடியாத்தம் வாசகர்): ஸ்டான் பிராக்கேஜ் படம் ஒன்று பார்த்தேன். கதையும் இல்லை, சத்தமும் இல்லை. ஸ்பீக்கர்தான் போய்விட்டதோ என்று நினைத்தேன். இவர் என்னதான் சொல்ல வருகிறார்?

பதில்: ஸ்பீக்கர் போகவில்லை. அமெரிக்கரான பிராக்கேஜ் (1933–2003) எடுத்தவற்றில் பெரும்பாலானவை ஒலியே இல்லாதவை. இசை சேர்த்தால் கண் அதன் பின்னால் போய்விடும், படத்துக்கென்று உள்ள தாளம் அடிபடும் என்பது அவர் கட்சி. பிறப்பு, சாவு, குழந்தை, வெளிச்சம் என்று திரும்பத் திரும்ப இவற்றுக்கே வருவார். 1959-ல் வந்தது மனைவியின் பிரசவம். 1971-ல் பிட்ஸ்பர்க் நகரப் பிண அறையில் நடந்த பிரேதப் பரிசோதனை. கண்ணை மூடி இமையை அழுத்தினால் புள்ளியும் வலையுமாக மிதக்குமே, அதையும் பார்வைக் கணக்கில் சேர்த்தார். பிற்காலத்தில் ஃபிலிம் மேலேயே வண்ணம் தீட்டியதும் அதைப் பிடிக்கத்தான். கதை தேடி உட்கார்ந்தால் ஏமாற்றம்தான்.

கேள்வி (ஆற்காடு வாசகர்): பூச்சி இறகை ஒட்டியே படம் செய்தாராமே! மழை விட்டால் இங்கே ஈசல் இறகு கொட்டிக் கிடக்கிறது. பழைய தியேட்டர் 35 மி.மீ. ஃபிலிமும் கொஞ்சம் இருக்கிறது. செய்யலாமா?

பதில்: தாராளமாக. 1963-ல் வந்த 'மோத்லைட்' அப்படிப்பட்டதுதான். அந்துப்பூச்சி இறகு, இதழ், புல் எல்லாவற்றையும் தெளிவான இரண்டு டேப்புக்கு நடுவே வைத்து அழுத்தினார். லேபில் அதைப் பிரின்ட் போட்டார்கள்.

முதலில் ஃபிலிமில் இருக்கும் பிம்பத்தை நீக்க வேண்டும். (1950-களுக்கு முந்தைய ஃபிலிம் என்றால் தொடவே வேண்டாம். நைட்ரேட்டாக இருந்தால் குப்பென்று பற்றும்.) துணி வெளுக்கும் திரவ பிளீச் ஒரு பங்கு, தண்ணீர் மூன்று பங்கு கலந்து அதில் ஃபிலிமைப் போடுங்கள். பிம்பம் பதிந்த மேல்பூச்சு வழுக்கத் தொடங்கியதும் பஞ்சால் துடைத்து, அலசி, நிழலில் தொங்கவிடுங்கள். பிளீச்சிங் பவுடரைக் கரைத்தால் சுண்ணாம்புப் படலம் ஒட்டிக்கொள்ளும். கையுறை போடுங்கள், சன்னலைத் திறந்து வையுங்கள். கழிவறை ஆசிட் பக்கத்திலேயே வரக்கூடாது. பிளீச்சோடு கலந்தால் குளோரின் வாயு.

பலர் கோட்டை விடுவது நீளக் கணக்கில். ஒரு ஃபிரேம் என்பது ஓரத்தில் நான்கு துளை, 19 மி.மீ. நீளம். நொடிக்கு 24 ஃபிரேம் என்றால் சுமார் 46 செ.மீ. ஃபிலிம். தனி ஈசல் இறகு ஒரு ஃபிரேமோடு முடிந்துவிடும். கண்ணில் படுவதற்குள் காணாமல் போகும். அடுத்தடுத்த 12 ஃபிரேமில் ஒரே இடத்தில் ஒவ்வொரு இறகு வைத்து, மேலே தெளிவான டேப் ஒட்டுங்கள், அரை நொடி படபடக்கும். பாலாற்றங்கரை நாணல் தோகையை நீளவாக்கில் கிடத்தினால் அது ஓடும். ஃபிரேம் எல்லையைப் பார்த்து வெட்டாதீர்கள், அந்த ஓட்டம்தான் இதில் அழகே.

எதையும் செய்தித்தாளுக்குள் வைத்து நன்றாக உலர்த்துங்கள். ஈரம் இருந்தால் டேப்புக்குள் பூஞ்சணம் பிடிக்கும். வேலூர் கத்திரி வெயிலில் ஆஸ்பெஸ்டாஸ் கூரையடியில் வைத்தால் டேப் பசை கசிந்து இறகு நகர்ந்துவிடும்.

இந்தத் தடிப்பை புரொஜக்டரில் விட்டால் சிக்கும். வெள்ளை வெளிச்சப் பலகைமேல் வைத்து, போனில் ஃபோகஸையும் வெளிச்சத்தையும் லாக் செய்து ஃபிரேம் ஃபிரேமாகப் படம் எடுங்கள். ஒவ்வொன்றையும் இரண்டு முறை காட்டினால் அரை நிமிடத்துக்கு 360 படம் போதும்.

கேள்வி (ஆம்பூர் வாசகர்): தோல் ஷாப்பில் மிஞ்சும் சாயத்தை ஃபிலிமில் பூசலாமா?

பதில்: வேண்டாம். பிராக்கேஜுக்குச் சிறுநீர்ப்பையில் புற்றுநோய் வந்தது. அவர் ஃபிலிமில் பூசிய, நிலக்கரித் தாரிலிருந்து எடுக்கும் சாயங்களே காரணமாக இருக்கலாம் என்ற சந்தேகம் உண்டு. பெர்மனன்ட் மார்க்கரோ கண்ணாடி ஓவிய வண்ணமோ போதும். போஸ்டர் கலர், பூச்சு நீக்கிய ஃபிலிமில் முத்து முத்தாகத் திரளும்; காய்ந்ததும் உதிர்ந்துவிடும்.