அண்ணன் தம்பியாகச் சேர்ந்து சோல் பாடல்கள் எழுதித் தயாரித்தவர்களின் தொழில் வாழ்க்கை எப்படி அமைந்தது?

பாடகர்களை விட்டுவிட்டு, அமெரிக்கக் கறுப்பினத்தவரின் சோல் இசையில் பின்னால் இருந்து வேலை பார்த்த உடன்பிறப்புகளைப் பற்றிச் சொல்லச் சொல்லியிருக்கிறீர்கள். எனக்கு உடனே தோன்றுவது இரண்டு ஜோடிகள்: டெட்ராய்ட்டின் ஹாலண்ட் சகோதரர்கள், நியூ ஜெர்சியின் மிசெல் சகோதரர்கள். முதல் ஜோடி விட்டுப்போன இடத்தில்தான் இரண்டாவது ஜோடியில் ஒருவர் உள்ளே நுழைந்தார். அதனால் இரண்டையும் சேர்த்தே சொல்கிறேன். தயாரிப்பு என்றால் இங்கே பணம் போடுவது இல்லை. ஸ்டூடியோவில் நின்று எந்த வாத்தியம் எங்கே வர வேண்டும், பாடுகிறவர் எப்படிப் பாட வேண்டும் என்று முடிவு செய்கிற வேலை.

எடி ஹாலண்ட் பிறந்தது 1939, தம்பி பிரையன் 1941. அண்ணன் பாடகராகத்தான் தொடங்கினார். பெர்ரி கோர்டி என்பவர் டெட்ராய்ட்டில் மோட்டவுன் என்ற இசைத்தட்டுக் கம்பெனியைத் தொடங்குவதற்கு முன்பே எடிக்கு அவருடன் பழக்கம். கோர்டி அப்போது ஜாக்கி வில்சன் என்ற பாடகருக்குப் பாட்டு எழுதிக்கொண்டிருந்தார். அந்தப் பாட்டுகளை முதலில் மாதிரிக்குப் பாடிப் பதிவு செய்து கொடுத்தவர் எடி. குரலும் கிட்டத்தட்ட ஜாக்கி வில்சன் சாயல். 1962-இல் எடி பாடிய 'ஜேமி' என்ற பாட்டு அமெரிக்க ஹிட் பாட்டுகளின் பட்டியலில் 30-ஆவது இடம் வரை போனது. நல்ல ஆரம்பம்தான். ஆனால் எடிக்கு மேடை ஏறுவது என்றாலே ஆகாது.

தம்பி வேறு வழியில் போய்க்கொண்டிருந்தார். 1961-இல் மார்வெலெட்ஸ் பெண்கள் பாடிய 'ப்ளீஸ் மிஸ்டர் போஸ்ட்மேன்' பாட்டை எழுதியவர்களில் பிரையனும் ஒருவர். தயாரிப்பிலும் அவருக்குப் பங்கு உண்டு. அமெரிக்காவின் பொதுப் பட்டியலில் மோட்டவுனுக்குக் கிடைத்த முதல் நம்பர் ஒன் அதுதான். தம்பிக்கு ராயல்டி செக் வர ஆரம்பித்தது. அண்ணன் கதை நேர்மாறு. பாடகரின் பதிவுச் செலவைக் கம்பெனி அவர் கணக்கிலேயே பற்று எழுதும். விற்பனையில் வரும் பங்கிலிருந்து அதைக் கழித்தது போகத்தான் கைக்குக் காசு. எடி கணக்கைப் பார்த்தால், அவர்தான் கம்பெனிக்குப் பாக்கி. தம்பியின் செக்கைப் பார்த்த பிறகுதான் பாட்டு எழுத முடிவு செய்ததாக எடியே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். கலைத் தாகம், உள்ளுணர்வு என்றெல்லாம் அவர் பூசி மெழுகவில்லை. எனக்கு அவரைப் பிடிப்பதற்கு அதுவும் ஒரு காரணம்.

பிரையனுடன் ஏற்கெனவே லமான்ட் டோசியர் என்ற இளைஞர் மெட்டுப் போட்டுக்கொண்டிருந்தார். எடி வந்து சேர்ந்ததும் மூவர் அணி ஆனது. ஹாலண்ட்–டோசியர்–ஹாலண்ட் என்று இசைத்தட்டுகளில் அச்சாகும் அந்தப் பெயர் இப்படி வந்ததுதான். மெட்டும் ஸ்டூடியோ வேலையும் பிரையன், டோசியர் பொறுப்பு. வரிகளும், பாடகர்களுக்குச் சொல்லிக்கொடுப்பதும் எடி பொறுப்பு. தான் பாடகராக இருந்தவர் என்பதால் எந்த வரியை எங்கே மூச்சு வாங்கிப் பாட வேண்டும் என்பது அவருக்குத் தெரியும். 1963-இல் மார்த்தா அண்ட் த வண்டெல்லாஸ் பாடிய 'ஹீட் வேவ்' பெரிய ஹிட் ஆனது. அடுத்த ஆண்டு சுப்ரீம்ஸ்.

மோட்டவுனுக்குள்ளேயே அந்தச் சுப்ரீம்ஸ் பெண்களுக்கு 'ஹிட் இல்லாத சுப்ரீம்ஸ்' என்று பெயர். மார்வெலெட்ஸ் வேண்டாம் என்று ஒதுக்கிய 'வேர் டிட் அவர் லவ் கோ' அவர்கள் கைக்கு வந்தது. அவர்களுக்கும் பெரிய விருப்பம் இல்லை. பாட்டின் தொடக்கத்தில் கைதட்டல் போலக் கேட்கும் சத்தம், மரப்பலகைகளின் மேல் காலால் மிதித்து எழுப்பியது. 1964 ஆகஸ்டில் அது நம்பர் ஒன். தொடர்ந்து வந்த நான்கு சிங்கிள்களும் (தனிப்பாட்டாக வெளியிடும் தட்டுகள்) நம்பர் ஒன். சுப்ரீம்ஸ் மொத்தம் 12 முறை முதலிடம் பிடித்தார்கள். அதில் 10 பாட்டு இந்த மூவர் எழுதியது.

ஆனால் என்னைக் கேட்டால் இவர்களின் உச்சம் சுப்ரீம்ஸ் இல்லை, ஃபோர் டாப்ஸ் என்ற ஆண்கள் குழுதான். முன்னணிப் பாடகர் லீவை ஸ்டப்ஸுக்குக் கனத்த குரல். அவருக்கு வசதியான சுருதியில் பாட விடாமல், வேண்டுமென்றே மேலே ஏற்றி வைத்தார்கள். எட்டாத இடத்துக்கு எட்டிப் பாடுகிற அவஸ்தை குரலில் தெரிய வேண்டும் என்பதுதான் கணக்கு. 1966-இல் வந்த 'ரீச் அவுட் ஐல் பீ தேர்' கேளுங்கள், பாடுகிறாரா கத்துகிறாரா என்று பிரித்துச் சொல்ல முடியாது. 1967-இல் வந்த 'பெர்னடெட்'டில் இன்னும் ஒரு படி மேலே போனார்கள். பாட்டு முடியப்போகிற நேரத்தில் வாத்தியங்கள் சட்டென்று நிற்கும். கோரஸ் ஒரு ஸ்வரத்தை மட்டும் பிடித்துக்கொண்டு தேய்ந்து போகும். முடிந்துவிட்டது என்று நினைக்கும்போது ஸ்டப்ஸ் அந்தப் பெண்ணின் பெயரைச் சொல்லி ஓங்கிக் கூப்பிடுவார், மொத்தக் கூட்டமும் திரும்ப உள்ளே வரும். கீழே ஜேம்ஸ் ஜேமர்சனின் பேஸ் கிட்டார் ஓரிடத்திலும் உட்காராமல் ஓடிக்கொண்டே இருக்கும். (ஜேமர்சன் இருந்த வாத்தியக் குழுவின் பெயர் ஃபங்க் பிரதர்ஸ். பெயரில்தான் பிரதர்ஸ், உடன்பிறந்தவர்கள் கிடையாது.)

அதே ஆண்டுக் கடைசியில் மூவரும் வேலையை நிறுத்திக்கொண்டார்கள். பிரச்சினை பணம்தான். பாடல்களின் உரிமை முழுக்கக் கோர்டியின் ஜோபீட் நிறுவனத்திடம். கம்பெனி அடைந்த வளர்ச்சிக்கு ஏற்ற பங்கு தங்களுக்கு வரவில்லை என்பது இவர்கள் வாதம். முன்னால் நின்று பேசியவர் எடி. மோட்டவுன் 1968-இல் 40 லட்சம் டாலர் கேட்டு வழக்குப் போட்டது. இவர்கள் பதிலுக்கு 2 கோடியே 20 லட்சம் டாலர் கேட்டார்கள். முதல் சுற்று 1972-இல் சமரசத்தில் முடிந்தது. ஆனால் கோர்ட்டுப் படி ஏறுவது அதோடு நிற்கவில்லை.

வழக்கு நடக்கும்போதே இன்விக்டஸ், ஹாட் வாக்ஸ் என்று சொந்தமாக இரண்டு லேபிள்கள், அதாவது இசைத்தட்டு வெளியிடும் கம்பெனிகள், தொடங்கிவிட்டார்கள். ஆனால் சொந்தப் பெயரில் எழுதினால் வம்பு. 1970-இல் ஃப்ரீடா பெய்ன் பாடிய 'பாண்ட் ஆஃப் கோல்ட்' பிரிட்டனில் ஆறு வாரம் முதலிடத்தில் இருந்தது. அந்தத் தட்டில் எழுதியவர்கள் என்று போட்டிருக்கும் பெயர்கள் ரான் டன்பர், ஈடித் வெய்ன். டன்பர் அவர்கள் கம்பெனியில் இருந்த நிஜ மனிதர். ஈடித் வெய்ன் என்று ஒருவர் கிடையாது. மூவரும் ஒளிந்துகொண்ட புனைபெயர் அது. ஊரே முணுமுணுத்த பாட்டை நாங்கள்தான் எழுதினோம் என்று வெளிப்படையாகப் போட்டுக்கொள்ள முடியாத நிலை. இந்த லேபிள் காலத்தை மோட்டவுன் காலத்துக்கு ஒரு மாற்றுக் குறைவாகவே எல்லோரும் பேசுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. சேர்மென் ஆஃப் த போர்ட் பாடிய 'கிவ் மீ ஜஸ்ட் எ லிட்டில் மோர் டைம்' ஒன்று போதும்.

1973-இல் டோசியர் தனியாகப் பிரிந்து போனார். அண்ணனும் தம்பியும் பிரியவில்லை. அப்புறம் நடந்ததுதான் வேடிக்கை: எந்த மோட்டவுனுடன் கோர்ட்டுக்குப் போனார்களோ அதே மோட்டவுனுக்குத் திரும்ப வந்து வேலை செய்தார்கள். 1975-இல் மைக்கேல் ஜாக்சன் பதின்வயதுப் பையனாக இருந்தபோது வந்த 'ஃபாரெவர், மைக்கேல்' ஆல்பத்தில் 'வி ஆர் ஆல்மோஸ்ட் தேர்' இவர்கள் இருவரும் எழுதியது. டோசியரையும் சேர்த்து மூவருக்கும் 1990-இல் ராக் அண்ட் ரோல் ஹால் ஆஃப் ஃபேம் கௌரவம் கிடைத்தது. டோசியர் 2022-இல் காலமானார்.

சரி, மிசெல் சகோதரர்கள். ஹாலண்ட் அணி போனதில் சூடு கண்ட கோர்டி, இனி எழுதுகிறவர்கள் நட்சத்திரம் ஆகக் கூடாது என்று முடிவு செய்தார். ஜாக்சன் 5 சிறுவர்களுக்குப் பாட்டு எழுத நால்வர் குழு. அதில் கோர்டியும் ஒருவர். தட்டில் நால்வர் பெயருக்குப் பதில் 'த கார்ப்பரேஷன்' என்று மட்டும் போட்டார்கள். அந்த நால்வரில் ஒருவர் ஃபான்ஸ் மிசெல். 'ஐ வாண்ட் யூ பேக்', 'ஏபிசி', 'த லவ் யூ சேவ்' மூன்றும் நம்பர் ஒன். ஆனால் ஃபான்ஸ் மிசெல் என்றால் யாருக்கும் தெரியாது.

அவர் சகோதரர் லாரி படித்தது எஞ்சினியரிங். அப்பல்லோ திட்டத்தின் நிலவு இறங்குகலத்தைக் கட்டிய கிரம்மன் நிறுவனத்தில் அந்தக் கலத்தைச் சோதிக்கும் வேலையில் இருந்தவர். அதை விட்டுவிட்டு வந்து, இருவரும் ஸ்கை ஹை புரொடக்‌ஷன்ஸ் என்று சொந்தமாகத் தொடங்கினார்கள். ஹோவர்ட் பல்கலைக்கழகத்தில் இவர்கள் படித்த காலத்தில் அங்கே ஆசிரியராக இருந்த டிரம்பெட் கலைஞர் டொனால்ட் பேர்டுக்காக 1973-இல் 'பிளாக் பேர்ட்' ஆல்பத்தைச் செய்தார்கள். ஜாஸ் விமர்சகர்கள் திட்டித் தீர்த்தார்கள். ஆனால் அதுவரை புளூ நோட் என்ற ஜாஸ் லேபிள் வெளியிட்டதிலேயே அதிகம் விற்ற ஆல்பம் அதுதான். 1978-இல் எ டேஸ்ட் ஆஃப் ஹனி குழுவின் 'பூகி ஊகி ஊகி'யைத் தயாரித்து நம்பர் ஒன் பார்த்தார்கள். பிறகு ஹிப் ஹாப் பையன்கள் இவர்களுடைய பழைய தட்டுகளிலிருந்து துண்டு துண்டாக வெட்டி எடுத்துத் தங்கள் பாட்டுகளில் ஒட்டிக்கொண்டார்கள். மிசெல் என்ற பெயர் இன்று பலருக்கும் தெரிந்திருப்பது அந்த வழியாகத்தான். ஃபான்ஸ் 2011-இல் இறந்தார்.

எங்கிருந்து கேட்க ஆரம்பிப்பது என்றால், ஹாலண்ட் சகோதரர்களுக்கு மேலே சொன்ன 'பெர்னடெட்', மிசெல் சகோதரர்களுக்கு டொனால்ட் பேர்டின் 1975 ஆல்பம் 'பிளேசஸ் அண்ட் ஸ்பேசஸ்'. எடியின் சொந்தக் குரலைக் கேட்க ஆசை இருந்தால் 1963-இல் அவர் பாடிய 'லீவிங் ஹியர்' தேடுங்கள். அவர் பாடியபோது பெரிதாக எடுபடாத அந்தப் பாட்டைப் பின்னால் த ஹூ, மோட்டர்ஹெட், பேர்ல் ஜாம் என்று மூன்று ராக் குழுக்கள் எடுத்துப் பாடின. மோட்டர்ஹெட் பாடியதைக் கேட்கும்போது மட்டும் ஒலியைக் கொஞ்சம் குறைத்து வைத்துக்கொள்ளுங்கள்.