பியூஸ் கட்டையைப் பிடுங்கும் அதிகாரம் வீட்டு உரிமையாளருக்கு இல்லை

கேள்வி: மூன்று ஆண்டுகளாக வாடகை வீட்டில் இருக்கிறோம். எழுத்து ஒப்பந்தம் உண்டு. வாடகை அதிகாரியிடமும் பதிவு செய்திருக்கிறோம். மின் இணைப்பு உரிமையாளர் பெயரில் இருக்கிறது. எங்கள் பகுதிக்குத் தனி மீட்டர் வைத்து, மின்வாரியக் கட்டணத்தைவிடக் கூடுதலாக வசூலித்தார். பில்லைக் காட்ட மறுத்ததால் இரண்டு மாத வாடகையை நிறுத்தினேன். நான்கு நாட்களுக்கு முன் பியூஸ் கட்டையைப் பிடுங்கிக்கொண்டு போய்விட்டார். மாமியாருக்கு ஆஸ்துமா, நெபுலைசர் போட வழியில்லை. பக்கத்து வீட்டிலிருந்து ஒயர் இழுத்துக்கொள்ளலாமா?

பதில்: சகோதரி, ஒயர் இழுக்காதீர்கள். ஓர் இடத்துக்குத் தரப்பட்ட மின்சாரத்தை வேறு இடத்துக்குக் கொண்டுபோவது மின்சாரச் சட்டம் 2003, பிரிவு 126-இன்படி அனுமதியற்ற பயன்பாடு. உதவ வந்த பக்கத்து வீட்டுக்காரர் தலையில் இரு மடங்கு கட்டணம் விழும். மாமியாரை அவர்கள் வீட்டுக்கே அழைத்துச் சென்று நெபுலைசர் போடுங்கள். அதில் தவறே இல்லை. மீட்டர் பெட்டியில் நீங்களாகவும் கை வைக்காதீர்கள்.

இப்போது உரிமையாளர் செய்ததைப் பார்ப்போம். 2019 பிப்ரவரி 22 முதல் தமிழ்நாட்டில் நடைமுறையில் உள்ள 2017-ஆம் ஆண்டு வாடகைச் சட்டத்தின் பிரிவு 20, மின்சாரம், தண்ணீர் போன்ற அத்தியாவசியச் சேவைகளை உரிமையாளர் தானாகவோ ஆள் வைத்தோ நிறுத்தக்கூடாது என்கிறது. வாடகை பாக்கி இருந்தால் அதற்கு வழக்கு உண்டு, வெளியேற்றக் கோரவும் வழி உண்டு. நோயாளி இருக்கும் வீட்டை இருட்டில் தள்ளுவது அந்த வழிகளில் ஒன்றல்ல.

துணை ஆட்சியர் நிலையில் இருக்கும் வாடகை அதிகாரியிடம் நாளைக்கே மனு கொடுங்கள். விசாரணை முடியும்வரை காத்திருக்கத் தேவையில்லை. இணைப்பை உடனே திருப்பித் தரும்படி இடைக்கால உத்தரவு பிறப்பிக்க அவருக்கு அதிகாரம் இருக்கிறது. அதைத் தனியாக, அழுத்தமாகக் கேளுங்கள். மனுவைத் தாக்கல் செய்த ஒரு மாதத்துக்குள் விசாரணையை முடிக்க வேண்டும். பியூஸ் கட்டை இல்லாத மீட்டர் பெட்டியின் படம், மாமியாரின் மருந்துச் சீட்டு, உரிமையாளர் அனுப்பிய செய்திகள், ஒப்பந்தத்தின் நகல் ஆகியவற்றை இணைத்துக்கொள்ளுங்கள்.

உங்கள் வழக்கின் பலவீனம் அந்த இரண்டு மாத வாடகைதான். இதை மறைத்துச் சொல்ல எனக்கு மனமில்லை. உரிமையாளர் முதல் வாய்தாவிலேயே அதைத்தான் தூக்கிப் பிடிப்பார். மனுப் போடும் முன்பே அவர் வங்கிக் கணக்குக்கு முழு வாடகையையும் அனுப்பிவிடுங்கள். மின் கட்டணத் தகராறு வேறு, வாடகை வேறு. வாரியத்தின் பில் நகலைத் தரச் சொல்லி, அதன்படி உங்கள் பங்கைக் கொடுக்கத் தயார் என்று பதிவு வசதியுடன் கூடிய விரைவுத் தபாலில் எழுதுங்கள்.

உங்கள் பெயரிலேயே தனி இணைப்பு கேட்கவும் உரிமை உண்டு. மின்சாரச் சட்டத்தின் பிரிவு 43, வீட்டின் உரிமையாளர் மட்டுமல்ல, குடியிருப்பவர் கேட்டாலும் மின்சாரம் தர வேண்டும் என்கிறது. உரிமையாளர் ஆட்சேபணையின்மைச் சான்று தர மறுத்தார் என்பதற்காக வாடகைதாரருக்கு மின்சாரத்தை மறுக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2022 மே மாதம் திலீப் எதிர் சதீஷ் வழக்கில் கூறிவிட்டது. விண்ணப்பதாரர் அந்த இடத்தில் குடியிருக்கிறாரா என்பதைத்தான் வாரியம் பார்க்க வேண்டும். மின்வாரிய அலுவலகத்தில் விண்ணப்பத்தை வாங்க மறுத்தால், இந்தத் தீர்ப்பின் நகலையும் சேர்த்து அதே விரைவுத் தபாலில் அனுப்பிவிட்டு, பெற்றுக்கொண்டதற்கான ஒப்புகையைப் பத்திரப்படுத்துங்கள்.