கடல் கெட்டுக் கப்பல் நின்றால் டூர் பணம் போனதுதானா?

கேள்வி: நாங்கள் தஞ்சாவூரில் ஒரே பள்ளியில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற ஆசிரியைகள். குடும்பத்தாரோடு 16 பேராக, போன நவம்பர் கடைசியில், சென்னை டூர் நிறுவனம் ஒன்றின் மூலம் அந்தமான் போனோம். விமானம், அறை, சாப்பாடு, தீவுக்குத் தீவு கப்பல் எல்லாம் சேர்த்து 6 இரவுக்கு ஆளுக்கு 42,000 ரூபாய். வசூலித்து என் கணக்கிலிருந்து அனுப்பியது நான்தான். 15 பேர் பணம் கட்டினால் ஒரு இடம் இலவசம் என்றார்கள். அதில் நான் போனேன். போர்ட் பிளேரில் ஓர் இரவு, ஹேவ்லாக்கில் இரண்டு இரவு நன்றாகத்தான் போயிற்று. நான்காம் நாள் காலை லாங் ஐலண்டுக்குக் கிளம்ப வேண்டிய நேரத்தில் காற்று, மழை என்று கப்பலை நிறுத்திவிட்டார்கள். மூன்று இரவு ஹேவ்லாக்கிலேயே கிடந்தோம். அந்த நாட்களின் அறை வாடகை, சாப்பாடு எல்லாம் எங்கள் கைக்காசு. லாலாஜி பே கடற்கரையில் கூடாரத்தில் ஓர் இரவு, டிக்லிபூர் பக்கம் ராஸ்–ஸ்மித் தீவுகள் எதுவும் நடக்கவில்லை. திரும்பும் விமானமும் போய், ஆளுக்கு 9,500 கொடுத்துப் புது டிக்கெட் எடுத்தோம். அதற்கு முன்பே, மூன்றாம் நாள், கடற்கரை ஒன்றில் படகிலிருந்து இறங்கும்போது என் தோழி விழுந்து மணிக்கட்டு முறிந்தது. ஏணி இல்லை, பாதிப் பேருக்கு லைஃப் ஜாக்கெட்டும் இல்லை. "இயற்கைச் சீற்றம், பணம் திரும்பாது, விதிமுறையில் இருக்கிறது" என்கிறது நிறுவனம். வேண்டுமானால் அடுத்த டூரில் ஆளுக்கு 3,000 கழித்துக்கொள்வார்களாம். கூட வந்தவர்கள் இப்போது என்னிடம் பணம் கேட்கிறார்கள். ஒரு தோழி வைத்திருந்த பவளத் துண்டை விமான நிலையத்தில் பிடுங்கிக்கொண்டார்கள், அதையும் கேட்கலாமா?

பதில்: அம்மா, கப்பலை நிறுத்தியது சரிதான். அந்தமானில் கடல் கெட்டுப்போனால் துறைமுக அதிகாரிகள் கப்பலை விடமாட்டார்கள், விடவும் கூடாது. 2016 டிசம்பரில் இதேபோல ஹேவ்லாக்கிலும் நீல் தீவிலும் ஆயிரத்துக்கும் மேற்பட்ட சுற்றுலாப் பயணிகள் மாட்டிக்கொண்டு, கடற்படைக் கப்பல் வந்துதான் அழைத்துப்போனது. ஆகவே "கப்பல் ஏன் ஓடவில்லை" என்று டூர்காரரைக் கேட்டு வழக்குப் போட்டால் தோற்பீர்கள். கேட்க வேண்டிய கேள்வி வேறு: கப்பல் ஓடாததால் செலவாகாமல் போன பணம் யாரிடம் இருக்கிறது?

கணக்கைப் பாருங்கள். 6 இரவுக்குப் பணம் கட்டினீர்கள். நிறுவனம் தங்க வைத்தது 3 இரவு. மீதி 3 இரவுக்கான அறை, சாப்பாடு, லாங் ஐலண்ட் கப்பல், டிக்லிபூர் வண்டி, ராஸ்–ஸ்மித் படகு எல்லாவற்றுக்கும் உங்கள் பணம் ஏற்கெனவே அவர்களிடம் இருந்தது. அதை வைத்துக்கொண்டே ஹேவ்லாக்கில் உங்களையே வாடகையும் கட்ட வைத்திருக்கிறார்கள். அதாவது அந்த 3 இரவுக்கு நீங்கள் இரண்டு முறை பணம் கொடுத்திருக்கிறீர்கள். காற்று அவர்கள் கையில் இல்லை என்பதால் நஷ்டஈடு குறையலாம். கொடுக்காத சேவைக்கு வாங்கிய பணம் அவர்களுடையதாகிவிடாது. நிறைவேற்ற முடியாமல் போன ஒப்பந்தத்தில் ஒருவர் பெற்ற ஆதாயத்தைத் திருப்பித் தர வேண்டும் என்பது 1872 ஒப்பந்தச் சட்டத்தின் 65வது பிரிவிலேயே இருக்கும் பழைய விதி.

"டிக்லிபூர் ஓட்டலுக்கு முன்பணம் கட்டிவிட்டோம், அவர்கள் திருப்பித் தரவில்லை" என்று சொல்லலாம். சொல்லட்டும். அப்படியானால் ரசீதைக் காட்ட வேண்டியது அவர்கள் பொறுப்பு. ஓடாத கப்பலின் டிக்கெட் பணம் அவர்கள் கணக்குக்குத் திரும்பியதா என்பதையும் எழுத்தில் கேளுங்கள். பெரும்பாலும் இந்த ஒரு கேள்விக்கே பேச்சின் தொனி மாறிவிடும்.

அடுத்தது "விதிமுறையில் இருக்கிறது" என்பது. அந்த விதிமுறை உங்களுக்கு எப்போது வந்தது? வாட்ஸ்அப்பைத் திறந்து தேதியைப் பாருங்கள். முழுப் பணமும் கட்டிய பிறகு வந்த பி.டி.எஃப். என்றால், நீங்கள் ஒப்புக்கொண்டபோது அந்த நிபந்தனையே கிடையாது என்று வாதிடலாம். முன்பே வந்திருந்தாலும் வாசகத்தைக் கவனமாகப் படியுங்கள். "வானிலையால் ஏற்படும் கூடுதல் செலவுக்குப் பொறுப்பில்லை" என்பது ஒன்று, "செலவாகாத பணத்தையும் தரமாட்டோம்" என்பது இன்னொன்று. பெரும்பாலான நிறுவனங்கள் முதலாவதை எழுதிவைத்து இரண்டாவதைப் பேசுகின்றன. இரண்டாவதையே எழுதியிருந்தாலும் கலங்க வேண்டாம். பயனாளியின் கையைக் கட்டும் ஒருதலைப்பட்சமான ஷரத்துகளைச் செல்லாது என்று உச்ச நீதிமன்றம் 2019இல் பயனியர் அர்பன் வழக்கில் சொல்லியிருக்கிறது. அது வீடு வாங்கியவரின் வழக்கு. தர்க்கம் இங்கும் பொருந்தும். "சென்னை நீதிமன்றத்துக்கு மட்டுமே அதிகாரம்" என்ற வரியும் அதில் இருக்கும். அதையும் விடுங்கள். 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின் 34வது பிரிவுப்படி, நீங்கள் குடியிருக்கும் ஊரிலேயே, அதாவது தஞ்சாவூர் மாவட்ட நுகர்வோர் ஆணையத்திலேயே, மனு போடலாம்.

விமான டிக்கெட் கொஞ்சம் கடினம். கடல் காரணமாகத் தவறிய விமானத்துக்கு நிறுவனம் பொறுப்பில்லை என்று ஆணையம் சொல்ல வாய்ப்பு உண்டு. ஆனால் ஒரு விஷயத்தை மட்டும் தேடிப் பாருங்கள். வானிலைத் துறையின் எச்சரிக்கை எப்போது வந்தது? நீங்கள் ஹேவ்லாக்குக்குக் கப்பல் ஏறும் முன்பே எச்சரிக்கை இருந்து, அது தெரிந்தும் கூட்டிப்போயிருந்தால் நிலைமை தலைகீழ். அப்போது புது டிக்கெட் செலவையும் தைரியமாகக் கேட்கலாம். எந்தெந்தக் கப்பல் எந்தத் தேதிகளில், எந்த உத்தரவால் நிறுத்தப்பட்டது என்று அந்தமான் நிர்வாகத்தின் கப்பல் சேவைத் துறைக்குத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் போஸ்டல் ஆர்டரோடு எழுதுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். அந்தப் பதில் உங்கள் வழக்கின் முதுகெலும்பு. கூடவே ஒரு சின்ன எச்சரிக்கை: ஹேவ்லாக் 2018இலிருந்து சுவராஜ் தீவு, போர்ட் பிளேர் 2024இலிருந்து ஸ்ரீ விஜயபுரம். டிக்கெட்டில் ஒரு பெயர், ரசீதில் ஒரு பெயர் இருக்கும். மனுவில் இரண்டையும் எழுதிவிடுங்கள். எதிர்த்தரப்பு வக்கீலுக்கு வீணாக ஒரு பிடி கொடுக்க வேண்டாம்.

லாலாஜி பே கூடாரத்தையும் விட்டுவிடாதீர்கள். "ஆளில்லாத கடற்கரையில் இரவு தங்கல்" என்று விளம்பரத்தில் போடுவது எளிது. அந்தமானில் இந்த மாதிரி இடங்கள் பலவற்றுக்கு வனத்துறை அனுமதி வேண்டும். ராஸ்–ஸ்மித் தீவுகளுக்கும் அப்படித்தான். அனுமதி வாங்கியிருந்தீர்களா, நகலைக் கொடுங்கள் என்று கேளுங்கள். நகல் இல்லை என்றால், வானம் தெளிவாக இருந்திருந்தாலும் அந்த இரவு நடந்திருக்காது. அப்போது இது வானிலை விவகாரமே அல்ல, பொய் விளம்பரம். அது நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில் தனிக் குற்றச்சாட்டு.

உங்கள் தோழியின் மணிக்கட்டுதான் இந்தக் கடிதத்தில் எனக்குப் பெரிய விஷயமாகப் படுகிறது. நீங்கள் அதைப் போகிறபோக்கில் எழுதியிருக்கிறீர்கள். 2014 ஜனவரி 26 அன்று போர்ட் பிளேர் அருகே அக்வா மரீன் என்ற படகு கவிழ்ந்து 21 பேர் இறந்தார்கள். பலர் நம் காஞ்சிபுரத்துக்காரர்கள். அளவுக்கு மீறி ஆளேற்றியிருந்தார்கள் என்பது அப்போதே வெளிவந்தது. ஆகவே "லைஃப் ஜாக்கெட் பத்தவில்லை" என்பதைச் சாதாரணக் குறையாக எழுதாதீர்கள். உங்கள் தோழி விழுந்த மூன்றாம் நாளில் காற்றும் இல்லை, மழையும் இல்லை. இயற்கைச் சீற்றம் என்ற பேச்சுக்கே இடமில்லை. "படகு எங்களுடையது இல்லை" என்பார்கள். உங்களிடம் பணம் வாங்கி அந்தப் படகைத் தேர்ந்தெடுத்தது யார்? நிறுவனம்தான். வேலையை வேறொருவரிடம் கொடுத்ததால் பொறுப்பு கைமாறாது. படகு உரிமையாளரின் பெயர் தெரிந்தால் அவரையும் இரண்டாம் எதிர்மனுதாரராகச் சேருங்கள். மருத்துவமனைச் சீட்டு, எக்ஸ்ரே, அங்கே சிகிச்சை பெற்ற தேதி, அன்று எடுத்த போட்டோ எல்லாம் வேண்டும். போட்டோவில் ஜாக்கெட் இல்லாமல் உட்கார்ந்திருப்பவர்கள் தெரிந்தால் இன்னும் நல்லது. இந்தக் கோரிக்கையை அவர் தனி மனுவாகப் போடுவதே மேல். பண விவகாரத்தோடு கலந்தால் அதன் கனம் குறைந்துவிடும்.

மற்றவர்கள் ஒரே மனுவாகச் சேர்ந்து போடலாம். ஒரே குறை உள்ள சிலர் கூட்டாக மனு செய்யத் தடையில்லை என்று 2021இல் பிரிகேட் என்ற கட்டுமான நிறுவனத்தின் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. கட்டிய தொகை 6,30,000 என்பதால் கட்டணம் 200 ரூபாய்தான். தனித்தனியாகப் போட்டால் அதுவும் இல்லை, 5 லட்சம் வரை இலவசம். ஆனால் 15 மனுவைத் தூக்கிக்கொண்டு அலைய வேண்டும். நுகர்வோர் ஆணையங்களுக்கான இ-ஜாக்ரிதி இணையதளத்தில் வீட்டிலிருந்தே பதிவு செய்யலாம், வக்கீல் வைத்தே ஆக வேண்டும் என்பதும் கிடையாது. (இதைச் சொல்வது எனக்குத் தொழில் நஷ்டம், பரவாயில்லை.) மனுவில் "சேவைக் குறைபாடு", "நேர்மையற்ற வணிக நடைமுறை" என்று எழுதுங்கள். "நியாயமற்ற ஒப்பந்தம்" என்று மட்டும் தலைப்புப் போடாதீர்கள். அந்த வகைப் புகாரை மாவட்ட ஆணையம் விசாரிக்க முடியாது, மாநில ஆணையத்துக்குத்தான் போக வேண்டும். தெரியாமல் அப்படி எழுதித் திருப்பி அனுப்பப்பட்டவர்கள் உண்டு.

அதற்கு முன், ஒப்புகையோடு ஸ்பீட் போஸ்டில் ஒரு நோட்டீஸ் அனுப்பி 15 நாள் கொடுங்கள். 1915 என்ற நுகர்வோர் உதவி எண்ணிலும் பதிந்துவையுங்கள். சில நிறுவனங்கள் அங்கேயே இறங்கிவந்துவிடும். கேட்கும் தொகையைப் பில்லோடு கூட்டிப் போடுங்கள். மன உளைச்சலுக்கு 25 லட்சம் என்று எழுதினால், பில் உள்ள தொகையையும் ஆணையம் சந்தேகத்தோடுதான் பார்க்கும். 3,000 கழிவை ஏற்பதாகவோ, "இத்துடன் முடிந்தது" என்றோ யாரும் வாட்ஸ்அப்பில் பதில் போட வேண்டாம். ஒரு கட்டைவிரல் படம்கூட வேண்டாம். கால அவகாசம் இரண்டு ஆண்டு. அதுவரை காத்திருக்கத் தேவையில்லை.

சரி, உங்கள் சங்கடத்துக்கு வருவோம். நண்பர்களுக்காகப் பணம் வசூலித்து அனுப்பியவர் அவர்களின் முகவர் மட்டுமே. நிறுவனத்தின் குறைக்கு உங்கள் கையிலிருந்து நீங்கள் கொடுக்க வேண்டியதில்லை. ஆனால் அந்த இலவச இடம்! அது மற்றவர்களுக்குத் தெரியுமா? உங்கள் கடிதத்தில் அது தெளிவாக இல்லை. தெரியாது என்றால், முகவர் மறைவாக ஆதாயம் எடுத்தார் என்று அவர்கள் கேட்க முடியும். அதைவிட மோசம், நிறுவனத்தின் வக்கீல் குறுக்கு விசாரணையில் உங்களை "எங்கள் கமிஷன் ஏஜென்ட்" என்று காட்டப் பார்ப்பார். மனு எழுதும் முன் எல்லாரையும் உட்காரவைத்துச் சொல்லிவிடுங்கள். 16 பேரும் சமமாகப் பிரித்திருந்தால் ஆளுக்கு 39,375 ஆகியிருக்கும். வித்தியாசமான 2,625ஐ ஒவ்வொருவருக்கும் கொடுக்க நீங்கள் முன்வந்தால் அந்தக் கதவு மூடிக்கொள்ளும். எல்லாரும் முன்பே தெரிந்து சம்மதித்தது என்றால், அதை இரண்டு வரியில் எழுதி கையெழுத்து வாங்கிவையுங்கள். இலவசமாகப் போனதால் நீங்கள் நுகர்வோர் இல்லை என்று ஆகாது. மற்றவர் பணம் கட்டிய சேவையை அவர்கள் சம்மதத்தோடு அனுபவித்தவரும் நுகர்வோர்தான் என்று சட்டத்தின் வரையறையே சொல்கிறது.

பவளத் துண்டைப் பற்றி மனுவில் ஒரு எழுத்துகூட வேண்டாம். பவளம் 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் காப்பில் இருக்கிறது. கரையில் கிடந்ததைப் பொறுக்கினேன் என்பதும் பதிலாகாது. பிடுங்கிக்கொண்டு அனுப்பினார்களே, வழக்குப் போடாமல் விட்டார்களே என்று தோழியைச் சும்மா இருக்கச் சொல்லுங்கள். வேறு யார் பையிலாவது சங்கோ பவளமோ வந்திருந்தால், அதைப் படமெடுத்து ஃபேஸ்புக்கில் போடவும் வேண்டாம்.